வெட்டிவிட்ட கயிறு

மே 24, 1981, ஞாயிறு

கப்பலில் இருக்கிறேன். எழுதும்போதே கை துள்ளுகிறது.

அவர்கள் ஏணி என்று சொல்வது ஏணியே அல்ல. கப்பலின் விலாவில் சரிவாகத் தொங்கிக்கொண்டு, ஏறுகிறவர் எடைக்கெல்லாம் ஆடுகிற ஒரு படிக்கட்டு. கீழே கறுத்த தண்ணீர். புடவையை இழுத்துச் செருகி, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு விறுவிறுவென்று ஏறிவிட்டேன். நாசரேத்தில் பெண்பிள்ளைகளுக்கு விசில் ஊதி டிரில் எடுக்கிற விளையாட்டு டீச்சருக்கு இதுகூட முடியாதா என்ன?

ஏணி உச்சியில் இவர் நின்றார். அருமைநாயகம், ‘செங்கமலம்’ என்ற இந்தச் சரக்குக் கப்பலின் இரண்டாம் என்ஜினியர், என் வீட்டுக்காரர். கல்யாணம் முடிந்து ஒரு மாதம்கூட இருக்காமல் கப்பலேறியவர். அதன் பிறகு ஒரு வருஷமாக நான் பார்த்ததெல்லாம் வெளிநாட்டுத் தபால்தலைகள்தான். முகம் மறந்துவிடுமோ என்றுகூடப் பயந்திருக்கிறேன். மறக்கவில்லை. கொஞ்சம் கறுத்திருந்தார்.

“வந்துட்டியா” என்றார். அவ்வளவுதான். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. பிறகு பார்த்தால், என் பெட்டியை வாங்கிய அவர் கை நடுங்கிக்கொண்டிருந்தது. பெட்டி கனம் என்றார். அதில் நாலு புடவையும் ஒரு வேதாகமமும்தான் இருக்கின்றன.

அதிகாரிகளின் மனைவிமார் கூடப் பயணம் செய்யக் கம்பெனி அனுமதிக்கிறது. இந்த முறை வந்திருப்பவள் நான் ஒருத்திதான். இந்த மேற்குக் கரைத் துறைமுகத்தில் இரும்புத்தாது ஏற்றிக்கொண்டு ஜப்பானுக்குப் போகிறோம். ஜப்பான்! சம்பளமில்லா விடுப்பு எழுதிக் கொடுத்தபோது எங்கள் தலைமை ஆசிரியை, தண்ணீரைத் தவிர அங்கே பார்க்க என்ன இருக்கிறது என்று கேட்டார்கள். இருக்கிறது டீச்சர் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டேன்.

மே 26, செவ்வாய்

மழை. தாது ஏற்றுவது நிற்கிறது, மறுபடி தொடங்குகிறது, மறுபடி நிற்கிறது. கட்டிகட்டியாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். இல்லை, சலித்த செம்மண் மாதிரிப் பொடி. சரக்கு அறைகளின் இரும்பு மூடிகளைத் திறப்பதும் மூடுவதுமாக ஆட்கள் அலைகிறார்கள்.

இவர் ஒரு கை பொடியை டம்ளரில் போட்டுக் கொண்டுவந்து மேசையில் தட்டிக் காட்டினார். முதலில் கெட்டியாக நின்றது. தட்டத் தட்ட மேலே தண்ணீர் கசிந்து, கடைசியில் கூழ் மாதிரித் தளும்பியது. கப்பல் அலையில் ஆடுவதும் இப்படித் தட்டுவது மாதிரிதானாம். காப்டனிடமும் காட்டியிருக்கிறார். ஈரம் அளவுக்குள்தான் இருக்கிறது என்று சோதித்தவர்கள் சொல்லிவிட்டார்களாம். பிறகு டம்ளரைக் கழுவி வைத்துவிட்டு, எனக்குத் தலை சீவிவிடலாமா என்று கேட்டார். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். வேண்டும் என்றே சொல்லியிருக்கலாம்.

நம் ஊர்ப் பக்கத்து ஆட்கள் இரண்டு பேர் இருக்கிறார்கள். மீராசா அண்ணன், காயல்பட்டினம். என்ஜின் அறையில் எண்ணெய் விடும் வேலை, கிரீசர் என்கிறார்கள். நரைத்த தாடி, கழுத்தில் எப்போதும் ஒரு துண்டு. இன்னொருவர் கப்பல் சமையல்காரர் செய்யது. மீராசா அண்ணனின் மனைவிக்கு உடன்பிறந்த தம்பி. இரண்டு பேரும் நாள் முழுக்கச் சண்டை போட்டுக்கொள்கிறார்கள். மச்சான் உப்பு பார்க்காமல் செய்யது எதையும் அடுப்பிலிருந்து இறக்குவதில்லை.

ஜூன் 1, திங்கள்

புறப்பட்டுவிட்டோம்!

கரை கோடாகி, கோடும் அழிந்தது. மதியம் இவர் என்னை என்ஜின் அறைக்கு அழைத்துப் போனார். செங்குத்தான இரும்புப் படிகள், ஒன்றுக்குக் கீழே ஒன்றாக மூன்று தட்டு. அந்தச் சத்தத்தைக் காது கேட்கவில்லை, நெஞ்செலும்புதான் கேட்டது. எங்கள் கோயிலை மணிக்கூண்டோடு உள்ளே வைத்துவிடலாம், அவ்வளவு பெரிய என்ஜின். இவர் அதன்மேல் கை வைத்து நின்ற விதத்தைப் பார்த்து எனக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது.

யாருக்கும் எதுவும் கேட்காது என்ற தைரியத்தில் இவர் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுப் பார்த்தேன். வாழ்க்கையில் முதல் தடவை. முழுப் பெயர். இவர் திரும்பவில்லை. மீராசா அண்ணன்தான் எங்கிருந்தோ பார்த்துவிட்டுச் சிரித்தார்.

ஜூன் 2, செவ்வாய்

வாந்தி. ஜப்பானும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம்.

ஜூன் 3, புதன்

தேறிவிட்டேன். செய்யது இஞ்சி தட்டிப் போட்டு ஒரு கஷாயம் அனுப்பினார், அதில் எழுந்து உட்கார்ந்துவிட்டேன்.

கடல் இப்போது வேறு. அலை என்று நாம் கரையில் நின்று பார்ப்பதெல்லாம் அலையே அல்ல. இங்கே ஒரு குன்று வருகிறது. கப்பல் அதன்மேல் ஏறுகிறது. உச்சியில் ஒரு நிமிஷம் யோசித்துவிட்டு இறங்குகிறது. வயிறு கூடவே இறங்குகிறது. எனக்குப் பிடித்திருக்கிறது. மேல்தளக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபோது, இவர் பின்னால் வந்து என் முந்தானைச் செருகலை ஒரு கையால் பிடித்துக்கொண்டார், ஆட்டுக்குட்டியைப் பிடிப்பது மாதிரி. பறக்கும் மீன்கள் கூட்டமாக எழும்பி விழுந்தன. ‘இன்னும் கொஞ்ச நாள் கடல், பிறகு கரையில வேலை பார்த்துக்கிடுதேன்’ என்றார். எனக்காக ஒன்றும் விட வேண்டாம் என்றேன். மனசில் இருந்தது அது அல்ல.

ஒரு விஷயம் மட்டும். மாலையிலிருந்து கப்பல் இடப்பக்கம் சாய்ந்தால் முழுக்க நிமிர மாட்டேன் என்கிறது. சாப்பாட்டு மேசையில் குழம்பு கிண்ணத்தின் ஒரு பக்கமே நிற்கிறது. சாப்பிடும்போது பாதியில் எழுந்து போன இவர் இன்னும் அறைக்கு வரவில்லை.

ஜூன் 5, வெள்ளி

படகில் இருக்கிறேன். பென்சில் எழுதுகிறது. செங்கமலம் இல்லை. இவரைப் பற்றித் தெரியாது.

ஜூன் 6, சனி

வேறு ஒரு கப்பல் எங்களை எடுத்துக்கொண்டது. கிரேக்க நாட்டுக் கப்பலாம். சூடாக சூப் தந்தார்கள், கம்பளி தந்தார்கள். பாஸ்போர்ட்டோடு சேர்த்து பிளாஸ்டிக் உறையில் சுற்றி வைத்திருந்ததால் இந்த நோட்டும் பிழைத்தது. நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன்.

வியாழக்கிழமை விடியும்போதே கப்பல் ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றது. உள்ளே தாது கூழாகி இடப்பக்கம் ஓடிவிட்டது. கட்டிலில் இருந்து இறங்கினால் சுவரில் நடக்க வேண்டியிருந்தது. எச்சரிக்கை மணி விடாமல் அடித்தது.

இவர் வந்தார். கையில் அவருடைய பாய்லர் சூட், மேலிருந்து கீழ்வரை ஒரே உடுப்பு. “இதப் போட்டுக்க. புடவையோட போட்டுல இறங்க முடியாது” என்றார். புடவையை அவிழ்த்துவிட்டு, உள்பாவாடையை உள்ளே சுருட்டித் திணித்து அதைப் போட்டுக்கொண்டேன். லைஃப் ஜாக்கெட்டை அவரே மாட்டி, நாடாக்களை இழுத்து முடிந்தார்.

“மூச்சு முட்டுது.”

“முட்டட்டும்.”

“நீங்க எப்ப வருவிய?”

“ஜெனரேட்டர் ஓடணும் பிள்ள. பேட்டரி ரூம்ல தண்ணி ஏறிட்டு. ஜெனரேட்டர் நின்னா ரேடியோவும் நின்னுரும். அப்புறம் நாம எங்க கிடக்கோம்னு ஒருத்தனுக்கும் தெரியாது.” என் தலையில் கையை வைத்தார். ஜெபம் பண்ணுவதுபோல ஒரு நொடி. பிறகு சாய்ந்த நடையில் சுவரைப் பிடித்துக்கொண்டு ஓடினார். மீராசா அண்ணன் வாசலில் அவருக்காக நின்றிருந்தார். “பயப்படாதிய டீச்சரம்மா, சார நான் கூட்டிட்டு வாரேன்” என்றார்.

வலப்பக்கத்துப் படகை இறக்க முடியவில்லை. சாய்வில் அது கப்பலின் மேலேயே படுத்துக் கிடந்தது. இடப்பக்கத்துப் படகு ஒன்றுதான். அதற்குப் பொறுப்பு குரியன், மூன்றாவது மேட், அதாவது கப்பலோட்டும் அதிகாரிகளில் ஒருவர், சின்ன வயசுக்காரர். எல்லாரையும் பெயர் சொல்லிக் கூப்பிட்டு ஏற்றினார். படகு தண்ணீரைத் தொடும் நேரத்தில் ஒரு அலை அதைத் தூக்கிக் கப்பல்மேல் அடித்தது. மேலே தொங்கிய இரும்புக் கப்பி ஆடி வந்து குரியனின் தலையில் மோதியது. என் காலடியில் வந்து விழுந்தார். மூச்சு இருந்தது, நினைவு இல்லை. படகின் மோட்டாரை இழுத்து இழுத்துப் பார்த்தார்கள், கிளம்பவில்லை.

கப்பலில் மிஞ்சியது நாலு பேர். மேலே காப்டனும் ரேடியோ அதிகாரியும். கீழே இவரும் மீராசா அண்ணனும்.

படகின் மூக்கிலிருந்து கப்பலுக்கு ஒரு தடிக் கயிறு கட்டியிருந்தது. அந்தக் கயிற்றில் நாங்கள் காத்து நின்றோம். கப்பல் எங்கள் பக்கம்தான் சாய்ந்துகொண்டிருந்தது. அண்ணாந்தால் வானம் தெரியவில்லை. புகைபோக்கியும் பாரம் தூக்கும் கம்பங்களும்தான் தலைக்குமேல் தொங்கின. ஒவ்வொரு அலையும் எங்களைக் கொண்டுபோய் இரும்பில் இடித்தது. காப்டன் மேலே வந்து கம்பியில் சாய்ந்து, போங்கள் போங்கள் என்று இரண்டு கையாலும் வீசினார். எல்லாரும் பார்த்தார்கள். ஒருவரும் அசையவில்லை. கயிற்றருகே செய்யது உட்கார்ந்திருந்தார். முடிச்சின்மேல் இரண்டு கையையும் வைத்திருந்தார்.

போகணும் என்றேன்.

“மச்சான் வரட்டும்” என்றார். “உங்க சாரும் அங்கதானே இருக்காங்க. இப்ப வந்துருவாங்க டீச்சரம்மா. ஒரு நிமிஷம்.”

நான் ஒரு நிமிஷம் கொடுத்தேன். கப்பலின் கதவையே பார்த்துக்கொண்டிருந்தேன். அந்தக் கதவில் யாரும் வரவில்லை. அடுத்த அலையில் மேலேயிருந்த ஒரு கம்பம் கழன்று எங்களுக்குப் பக்கத்தில் தண்ணீரில் விழுந்தது. படகில் இருந்தவர்கள் என்னைப் பார்த்தார்கள். ஏன் என்னைப் பார்த்தார்கள் என்று தெரியவில்லை. நான் அந்தக் கப்பலில் ஒரு வேலையும் இல்லாதவள்.

படகின் அடியில் கோடாரி இருந்தது. எடுத்தேன். செய்யதின் கைகளுக்கு ஒரு சாண் தள்ளி வெட்டினேன். முதல் வெட்டில் அறுபடவில்லை. மூன்றாவதில் அறுந்தது.

“துடுப்பெடுங்க” என்று கத்தினேன். டிரில் குரல். “ஒண்ணு, இழு. ரெண்டு, விடு. ஒண்ணு, இழு.” பாதிப் பேர் வடக்கத்தி ஆட்கள். ஒண்ணு, ரெண்டு என்ன மொழி என்று யாரும் யோசிக்கவில்லை. இழுத்தார்கள். செய்யது இழுக்கவில்லை. அறுந்த கயிற்றை மடியில் வைத்துக்கொண்டு கப்பலைப் பார்த்தபடியே இருந்தார்.

நான் கப்பலைப் பார்க்கவில்லை. துடுப்பு போடுகிறவர்களைப் பார்த்துத்தான் எண்ண வேண்டும். ஒருவர் தாளம் பிசகினால் படகு திரும்பிவிடும். வெகுநேரம் எண்ணினேன். அவர்கள் முகம் மாறியதை வைத்துத்தான் கப்பல் போனதைத் தெரிந்துகொண்டேன். திரும்பிப் பார்த்தபோது சிவப்புத் தண்ணீர் மட்டும் இருந்தது. தாதுவின் நிறம்.

மூழ்கும் கப்பலுக்குப் பக்கத்தில் படகு நிற்கக் கூடாது. அதுதான் முறை. யாராக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பார்கள். டீசல் பட்டுக் கண் எரிந்தது, அதனால் கொஞ்சம் தண்ணீர் வந்தது.

பிறகு படகில் வேலை நிறைய இருந்தது. குரியனுக்கு என் உள்பாவாடையைக் கிழித்துக் கட்டுப் போட்டேன். தண்ணீரை அளந்து கொடுக்க வேண்டும், உள்ளே வரும் கடலை இறைக்க வேண்டும், தூங்கி விழுகிறவர்களைத் தட்டி எழுப்ப வேண்டும். செய்யது என் கையிலிருந்து தண்ணீர் வாங்கவில்லை. பக்கத்து ஆளிடம் கொடுத்து, அவர் கொடுத்தபோது குடித்தார். அது அவருடைய நியாயம். இன்று காலை இந்தக் கப்பல் வெயிலில் வெள்ளையாக எங்களை நோக்கித் திரும்பியதை முதலில் பார்த்ததும் அவர்தான். எழுந்து நின்று என் தோளைத் தொட்டுக் காட்டினார்.

ஜூன் 6, மாலை

செய்தி வந்திருக்கிறது. வேறொரு கப்பல் நேற்றே செங்கமலத்தின் காற்றடைத்த மிதவை ஒன்றைக் கண்டெடுத்திருக்கிறதாம். அதில் மூன்று பேர், உயிரோடு. மூன்று பேரையும் கொச்சிக்குக் கொண்டு போயிருக்கிறார்கள். எங்களையும் அங்கேதான் இறக்கப் போகிறார்கள். பெயர்கள் தெரியவில்லை; ரேடியோவில் இரைச்சல்.

நாலில் மூன்று.

ஒருவர் காப்டன், அது மட்டும் தெளிவாகக் கேட்டதாம். ஒருவர் ரேடியோக்காரராகத்தான் இருக்க வேண்டும், அவர் காப்டன் பக்கத்தில் இருந்தவர். மற்றவர் என்ஜின் அறை ஆள்.

செய்யது மேற்கே திரும்பிக் கம்பளியை விரித்துத் தொழுதார். நானும் தளத்தின் மறு ஓரத்தில் முழங்காலில் நின்றேன். என்ன ஜெபம் செய்தேன் என்பதை இங்கே எழுத மாட்டேன். அவர் என்ன கேட்டார் என்று எனக்குத் தெரியும். நான் கேட்டது அவருக்குத் தெரியும். முடிந்ததும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்ளவில்லை.

ஜூன் 7, ஞாயிறு, கொச்சி

உயிரோடு இருக்கிறார்.

துறைமுகத்திலிருந்து எங்களை நேரே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். கட்டில் கட்டிலாகப் பார்த்துக்கொண்டு போகத் தைரியம் இல்லாமல் வாசல் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டேன். செய்யது உள்ளே போனார். எவ்வளவு நேரம் என்று தெரியாது. திரும்பி வந்தார். அவர் முகத்தில் ஒன்றுமே இல்லை, துடைத்து வைத்த மாதிரி.

“தங்கச்சி, உங்க ஆளுதான். போங்க” என்றார்.

என்னைக் கடந்து வெளியே வெயிலுக்குப் போனார். நான் உள்ளே ஓடினேன். ஓடினேன் என்பதை எழுதத்தான் வேண்டும்.

வலது கால் முழுக்கக் கட்டு. உதடு வெடித்திருந்தது. என்னைப் பார்த்ததும், “சாப்பிட்டியா” என்றார். நான் அந்தக் கட்டில் விளிம்பில் தலையை வைத்துச் சத்தம் போட்டு அழுதேன், வார்டு முழுக்கப் பார்க்க. அழட்டும் என்று விட்டுவிட்டார்.

ஜூன் 10, புதன்

இன்று இவர் பேசினார். மூன்று நாளாக மீராசா அண்ணன் பெயரை எடுத்தாலே முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டிருந்தார்.

நான்தான் முதலில் சொன்னேன். கயிற்றை வெட்டியது நான் என்று. யாரோ சொல்லித் தெரிவதற்குமுன் என் வாயால் தெரியட்டும் என்று நினைத்தேன்.

“தெரியும். பார்த்தேன்” என்றார்.

காப்டன் எல்லாரையும் வெளியேறச் சொல்லி மணி அடித்ததும் இரண்டு பேரும் மேலே வந்திருக்கிறார்கள். நான் பார்த்துக்கொண்டே இருந்த கதவு வழியாக அல்ல, பின்புறக் கதவு வழியாக. அப்போது படகு நகர்ந்துகொண்டிருந்ததாம். காற்றில் என் குரல் கேட்டதாம். ஒண்ணு, இழு.

“நீ நின்னுருப்பியோன்னு கீழ இருக்கும்போது அதே நினைப்புதான். நின்னா அம்புட்டு பேரும் போயிருவிய. படகு போறதப் பார்த்ததும் எனக்கு அப்படியே உடம்பு லேசாயிட்டு. மீராசாவ கட்டிப் பிடிச்சுக்கிட்டேன்.”

நாங்கள் நின்றிருந்தால்?

“குதிச்சிருப்பேன். நேரா உங்கிட்ட வந்திருப்பேன்.”

அவர் குதிக்கவில்லை. ரேடியோ அதிகாரி மேலேயிருந்து கத்தினாராம்: ஒரு கப்பலுக்கு நம் குரல் கேட்டுவிட்டது, இடத்தை இன்னும் சரியாக வாங்கிக்கொள்ளவில்லை, ஜெனரேட்டர் திணறுகிறது, இன்னும் கொஞ்ச நேரம் ஓடினால் போதும் என்று. இவர் திரும்பப் படியிறங்கினார். மீராசா அண்ணனை மிதவைக்குப் போகச் சொன்னார். “ஒத்தையில எதுக்கு சார்” என்று அவரும் கூடவே இறங்கினார். சாய்ந்த கப்பலில், ஏறக்குறையப் படுத்துக்கொண்டு, இரண்டு பேருமாக எண்ணெயைக் கையால் ஊற்றி அதை ஓடவைத்தார்கள். பதில் வந்துவிட்டது என்று மேலேயிருந்து மணி அடித்தது. அந்த இடக்குறிப்பை வைத்துத்தான் எங்களைத் தேடி வந்திருக்கிறார்கள்.

ஏறும்போது மீராசா அண்ணன் முன்னால், இவர் பின்னால். கப்பல் ஒரு குலுக்குக் குலுக்கியதில் தரைத்தகடு ஒன்று பெயர்ந்து இவர் காலை நசுக்கிப் பிடித்துக்கொண்டது. மீராசா அண்ணன் கதவருகே போய்விட்டார். தலை வெளியே, வெயில் முகத்தில். அப்படியே போயிருக்கலாம். போ என்று இவரும் கத்தியிருக்கிறார்.

“இறங்கி வந்தாரு பிள்ள. அவசரமே இல்லாம. கடப்பாரைய எடுத்து நெம்பினாரு. என்னைத் தோள்ல வச்சுத் தள்ளிக்கிட்டே ஏறினாரு. நான் வெளிய விழுந்துட்டேன். திரும்பி அவர் கையப் பிடிச்சேன். பிடிச்சுட்டேன். இந்தக் கைதான். எண்ணெய்க் கை...” வெறும் உள்ளங்கையை விரித்துக் காட்டினார்.

அந்தக் கையை நான் என் மடியில் எடுத்து வைத்துக்கொண்டேன். நர்ஸ் வந்து நேரமாகிவிட்டது என்று சொல்லும்வரை வைத்துக்கொண்டிருந்தேன்.

கால் இனி முழுசாக மடங்காது என்கிறார் டாக்டர். என்ஜின் அறைப் படிகளில் இனி இவர் இறங்க முடியாது. இதை இவரிடம் நான்தான் சொல்ல வேண்டும். நாளைக்குச் சொல்லலாம்.

ஜூன் 11, வியாழன்

சொல்லிவிட்டேன். ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, “தலைய சீவிவிடவா” என்று கேட்டார். சரி என்றேன்.

ஜூன் 21, ஞாயிறு

காயல்பட்டினத்துக்குப் போய் வந்தேன்.

ஆஸ்பத்திரியில் விட்டு நாங்கள் வீடு வந்து நாலு நாள் ஆகிறது. காலையில் செய்யது நாசரேத்துக்கு வந்தார். வாசலிலேயே நின்றார். அவருடைய லாத்தா, அதாவது அக்கா, மீராசா அண்ணனின் மனைவி ஜைனம்பு, எதுவும் பேசுவதில்லை, சரியாகச் சாப்பிடுவதும் இல்லை. கடைசியில் என்ன நடந்தது என்று பார்த்தவர் வாயால் கேட்க வேண்டும் என்கிறார்களாம். பார்த்தவர் இவர் ஒருவர்தான். ஆனால் லாத்தா, கணவர் இறந்தபின் இருக்கும் இத்தாவில் இருக்கிறார்கள். வெளி ஆண்கள் யாரும் பார்க்கப் பேசக் கூடாத காலம். “நீங்க வந்து சொன்னா நல்லாருக்கும் தங்கச்சி” என்றார். இவர் தானும் வருவேன், வெளியே தெருவிலாவது நிற்பேன் என்று கிளம்பினார். கட்டுப் போட்ட காலோடு பஸ்ஸில் ஏற முடியுமா? எல்லாவற்றையும் மறுபடி ஒருமுறை எனக்குச் சொல்லி, ஒன்றையும் விட்டுவிடாதே என்று அனுப்பினார்.

பஸ்ஸில் போகும்போது செய்யது சொன்னார்: கயிறு விஷயத்தை லாத்தாவிடம் சொல்லவில்லை. நீங்களும் சொல்ல வேண்டாம். எதற்கு?

உள் அறை. ஜன்னல் திரை போட்டிருந்தது, ஆனாலும் நல்ல வெளிச்சம். ஜைனம்பு வெள்ளை உடுத்து ஒரு பாயில் உட்கார்ந்திருந்தார்கள். என்னைவிடப் பத்து வயசு கூட இருக்கலாம். அழுது முடித்த முகம். செய்யது நிலைக்கு வெளியே நின்றுகொண்டார். நான் தரையில் உட்கார்ந்து சொல்லத் தொடங்கினேன். ஜெனரேட்டர், ரேடியோ, திரும்ப இறங்கியது, தகடு, கடப்பாரை. வெயில் முகத்தில் பட்ட இடத்திலிருந்து அவர் திரும்பி இறங்கி வந்ததை இரண்டு தடவை சொன்னேன். அவர்கள் என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கையைப் பிடித்த இடம் வந்தபோது மட்டும் கண்ணை மூடிக்கொண்டார்கள்.

பிறகு கேட்டார்கள்:

“படகு ஏன் நிக்கல?”

செய்யது வெளியிலிருந்து, கடல் மோசம் லாத்தா, நிற்க முடியவில்லை என்றார். நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். அவர் எனக்காகச் சொன்னது பொய்கூட அல்ல. ஆனால் அந்த முகத்துக்கு முன்னால் என்னால் உட்கார்ந்திருக்க முடியவில்லை.

“உங்க தம்பி நிக்கணும்னுதான் சொன்னாங்க. கயிறை வெட்டினது நான்” என்றேன். “எல்லாரையும் துடுப்புப் போடச் சொன்னதும் நான்தான்.”

அவர்கள் என்னைப் பார்த்தார்கள். தலையிலிருந்து கால்வரை, புதிதாகப் பார்ப்பதுபோல. எழுந்து போகச் சொல்வார்கள் என்று நினைத்தேன். சொன்னால் போய்விட வேண்டும், பதில் பேசக் கூடாது என்று முடிவு செய்துகொண்டேன்.

“அப்ப உங்க மாப்புளயும் உள்ளதானே இருந்தாங்க?”

“ஆமா.”

“தெரிஞ்சுதான் வெட்டினியளா?”

“ஆமா” என்றேன். இதுவரை யாரிடமும் சொல்லாததைச் சொன்னேன். “இவுக செத்துருவாங்கன்னு நினைச்சுக்கிட்டுத்தான் வெட்டினேன்.”

தெருவில் ஐஸ் விற்கிறவரின் மணி போயிற்று. வெளியே செய்யது மூக்கை உறிஞ்சுவது கேட்டது. பிறகு ஜைனம்பு பாயின் ஒரு ஓரத்துக்கு நகர்ந்தார்கள். பக்கத்தில் இடத்தைக் கையால் தடவிவிட்டார்கள்.

“ஏன் தரையில இருக்கிய? இங்கன வந்து இருங்கோ.”

போய் உட்கார்ந்தேன். அவர்கள் என் கையை எடுத்துத் திருப்பிப் பார்த்தார்கள். கோடாரி பிடித்த இடத்தில் தோல் உரிந்து, இப்போதுதான் புதுத் தோல் மூடியிருக்கிறது. அதன்மேல் கட்டைவிரலை வைத்துக்கொண்டார்கள். எடுக்கவில்லை. செய்யது தட்டில் சோறு கொண்டுவந்து நிலைக்கு உள்ளே வைத்துவிட்டுப் போனார். அதை இரண்டு பேருமாகச் சாப்பிட்டோம்.